கக்கூசுக்கு ஒரு நேர்பாதை

என் வாழ்நாளில் நான் வரைந்த றோட்டுகளை ஒன்றோடொன்று பொருத்தினால் திருகோணமலையில் இருந்து கொழும்புக்குப் போய்த் திரும்பி வரலாம். துறைமுகத்தடியில் ஒரு அரசாங்கக் கந்தோரில் முப்பத்திரண்டு வருடம் படம் வரைந்தவன் நான். றோட்டு, மதகு, வடிகால், களஞ்சியச் சுவர் எல்லாம் என் மேசையில் கோடாகக் கிடந்துவிட்டுத்தான் வெளியே போயின. ஆனால் என் கையால் போட்டு நிலைத்த பாதை ஒன்றே ஒன்றுதான். அது குசினிப் படியில் இருந்து கக்கூசு வரை போனது. அதையும் இரண்டு தரம் போட வேண்டியிருந்தது.

பென்சன் எடுத்ததும் பட்டினத்து வாடகை வீட்டை விட்டு, குச்சவெளிப் பக்கம் முன்னமே வாங்கிப் போட்டிருந்த வளவுக்குக் குடிவந்தோம். கடற்கரை றோட்டில் பஸ்ஸை விட்டு இறங்கினால் ஐந்து நிமிட நடை. இரண்டு அறை, முன்னால் விறாந்தை, பின்னால் சமைக்கக் குசினி, சுற்றிவர வெள்ளை மணல், அங்கங்கே மரம். காலையில் மனைவி அந்த மணலை ஈர்க்குமாறால் கூட்டிவிட்டால், பிறகு முற்றத்தில் எத்தனை காகம் நடந்தது என்று சொல்லலாம். செருப்போடு உள்ளே வருகிற ஆளை அவள் ஒன்றும் சொல்ல மாட்டாள். அவர் இருக்கும்போதே எழும்பிப் போய் அந்த இடத்தை மறுபடி கூட்டுவாள். ஆகவே எல்லாரும் வேலிப் படலையடியிலேயே செருப்பைக் கழற்றிவிட்டு வந்தார்கள்.

கக்கூசு வளவின் பின்மூலையில் இருந்தது. கிணற்றுக்கும் அதற்கும் எவ்வளவு தூரம் இருக்க வேண்டும் என்று படத்தில் அளவு போட்டவன் நானே. மணல் நிலம் ஊறும் என்று கொஞ்சம் தாராளமாகவே விட்டிருந்தேன். அப்போது எங்கள் இருவருக்கும் சேர்த்து நாலு நல்ல கால்கள் இருந்தன.

இரண்டாம் வருடம் மனைவிக்குப் பாரிசவாதம் வந்தது. ஆறு கிழமை, ஒன்றரை மாதம், ஆஸ்பத்திரி. பேச்சு முழுதாகத் திரும்பி வந்தது. அதில் எனக்கு ஒருநாளும் சந்தேகம் இருந்ததில்லை. இடக்கை பாதி வந்தது. இடக்கால் மண்ணை விட்டுக் கிளம்பாமல் இழுபட்டுக்கொண்டு வந்தது. அந்தக் காலின் விரல்களால் செருப்பைப் பற்றிப் பிடிக்க முடியவில்லை. செருப்புக் கழன்று காலைத் தட்டிவிடும் என்பதால் செருப்பையே விட்டுவிட்டாள். வலக்கையில் ஒரு பொல்லு. வீட்டுச் சீமெந்துத் தரையில் அதை ஊன்றிக்கொண்டு தனியாக நடந்தாள். மணலில் பொல்லு ஒரு சாண் இறங்கும். இறங்கினால் அவளும் அந்தப் பக்கம் சாய்வாள். இரண்டு தரம் விழுந்தாள். அதன் பிறகு படியை விட்டு இறங்குவதென்றால் என் கை வேண்டும் என்றாகியது.

கக்கூசுக்கு நான் கொண்டுபோய் விடுவேன். விட்டுவிட்டுப் பத்து எட்டுத் தள்ளி, முதுகைக் காட்டிக்கொண்டு நிற்பேன். நிற்கிற இடத்தில் ஒரு பப்பாசி மரம் இருந்தது. அந்த மரத்தைப் பற்றி எனக்குத் தெரியாதது ஒன்றும் இல்லை.

எங்கள் ஒரே மகள் கொழும்பில் படிப்பித்துக்கொண்டிருந்தாள். கட்டிலில் வைத்தே பாவிக்கும்படி வெள்ளை எனாமலில் ஒரு சட்டி வாங்கிப் பார்சலில் அனுப்பினாள். மனைவி எனக்குச் சொல்லி நன்றிக் கடிதம் எழுதுவித்தாள். பிறகு அந்தச் சட்டிக்குள் மண் போட்டுக் கற்றாழை நட்டாள்.

அந்த வருடம் வறண்ட கச்சான் காற்று வீசத் தொடங்கிய சமயம், மாதக் கிளினிக்கில் டொக்டர் அவளைப் பார்த்து, “தண்ணி குடிக்கிறேல்லையோ?” என்று கேட்டார். அவள் கூரையைப் பார்த்தாள். வீட்டுக்கு வந்து நான் யோசித்துப் பார்த்தேன். காலையில் ஒரு தேத்தண்ணி குடிப்பாள். சோற்றோடு இரண்டு மிடறு. அவ்வளவுதான். வெயிலில் நிலம் கொதிக்கிற மாதத்தில் அவ்வளவுதான்.

“ஒவ்வொரு தரமும் உங்களைக் கூப்பிட ஏலாது. அதுதான் குடிக்கிறேல்லை,” என்றாள்.

“நீர் கூப்பிட்டு நான் வராமல் விட்டனானோ?”

“வாறியள். அதுதான் மனசுக்கு அந்தரம்.”

டொக்டர் சொன்னதை நான் மகளுக்கு எழுதினேன். எழுதியிருக்கக் கூடாது. மார்கழி லீவில் வந்து அம்மாவைத் தன்னோடு கூட்டிக்கொண்டு போகப் போவதாக மறுகடிதம் வந்தது. அங்கே எல்லாம் வீட்டுக்குள்ளேயே இருக்கிறதாம். மனைவி அந்தக் கடிதத்தை இரண்டு தரம் வாசிக்கச் சொன்னாள்.

“நான் இந்த வளவை விட்டுப் போகமாட்டன். அந்தக் கக்கூசுக்கு நான் தனியப் போக ஒரு வழி போட்டுத் தாங்கோ. அவள் வந்து பாக்கட்டும்.”

முப்பத்திரண்டு வருடத்தில் இவ்வளவு தெளிவான கட்டளை எனக்கு எந்த மேலதிகாரியிடம் இருந்தும் வந்ததில்லை.

சீமெந்து அந்த நாளில் பெர்மிட்டுக்குத்தான் கிடைக்கும். என்ன தேவைக்கு என்று கேட்ட இடத்தில் ‘மனைவி நடப்பதற்கு’ என்று எழுதினேன். அப்படி ஒரு வகை இல்லை என்றார்கள். வெட்டிவிட்டு ‘வீட்டுத் திருத்தம்’ என்று எழுதினேன். ஐந்து மூடை தந்தார்கள். ஐந்து மூடைக்கு எத்தனை கல் வரும் என்று கணக்குப் பார்த்தேன். ஒன்றரை அடிச் சதுரம், இரண்டு அங்குலத் தடிப்பு என்றால் அறுபத்தைந்து கல். இரண்டு பேர் சேர்ந்து நடக்கிற அகலத்துக்குப் போட்டால் பாதி வழியில் முடிந்துவிடும். ஆகவே ஒரு கல் அகலம்தான், ஓர் ஆளும் ஒரு பொல்லும் போகக் காணும், அதற்கு மேல் தேவையில்லை என்று தீர்மானித்தேன். அப்போது அதில் வேறு ஒன்றும் எனக்குப் படவில்லை.

கடற்கரை மணலில் உப்பு இருக்கிறது. அதில் செய்த கொங்கிறீட்டு உதிரும். பக்கத்து வளவில் வெங்காயத் தோட்டம் செய்தவர் குறிஞ்சாக்கேணியில் இருந்து வந்த ஒரு முஸ்லிம் கமக்காரர். அவரிடம் மாட்டு வண்டில் இருந்தது. ஆற்று மணல் ஏற்றித் தரக் கேட்டேன். அவர் வேலிக்கு அப்பால் கிடந்த கடற்கரையை ஒருதரம் பார்த்தார், என்னை ஒருதரம் பார்த்தார், “சரி ஐயா” என்றார். ஊருக்குள் மணலுக்கு வண்டில் பிடித்த முதல் ஆள் நான்தான் என்று பின்னர் அறிந்தேன்.

பலகையில் இரண்டு சட்டம் அடித்தேன். ஒரு நாளைக்கு இரண்டு கல். வார்த்து, ஒருநாள் விட்டுக் கழற்றி, ஈரச்சாக்குப் போட்டு மூடி, காலையும் மாலையும் தண்ணீர் ஊற்றுவேன். மனைவி குசினிப் படியில் கதிரை போட்டு இருந்து மேற்பார்வை செய்தாள். மேல்முகத்தைக் கண்ணாடி மாதிரி வழித்து விடத்தான் நான் நினைத்திருந்தேன்.

“வழுக்கி விழவோ? ஈரத்தோட ஈர்க்குமாறால ஒருக்கா இழுத்து விடுங்கோ,” என்றாள்.

இழுத்து விட்டேன். இந்த வேலையில் முதல் தடவையிலேயே சரியாக அமைந்தது அது ஒன்றுதான்.

வேலை நேரம் நான் சப்பாத்துப் போட்டிருந்தேன். ஒரு கல் காலில் விழுந்தால் வீட்டில் இரண்டு நொண்டி ஆகிவிடும். கந்தோரில் இருந்து வெளிவேலை பார்க்கப் போகும்போது போட்ட பழைய சப்பாத்து, அதே காலத்துத் தொப்பி. சப்பாத்தோடு முற்றத்தில் நடக்க மனைவி எனக்கு மட்டும் விசேஷ அனுமதி தந்திருந்தாள். இதைச் சொல்லக் காரணம் இருக்கிறது.

நான் நேராகக் கக்கூசுப் பாதைக்குப் போகவில்லை. எந்த வேலைக்கும் முதலில் கை பழக வேண்டும். படலையில் இருந்து விறாந்தை வரை இருபத்துநாலு கல்லில் ஒரு பாதையைப் பழக்கத்துக்காகப் போட்டேன். “எனக்குப் படலையில ஒரு அலுவலும் இல்லை,” என்றாள் மனைவி. முதற் கோணல் முற்றும் கோணல் என்று அவளுக்கு விளக்கினேன். நூல் கட்டி, இரும்பு அலவாங்கால் மணலை இடித்து இறுக்கி, நீர்மட்டத்தின் குமிழி நடுவில் நிற்கிற மட்டும் கல்லைத் தட்டித் தட்டி வைத்தேன். முடிந்தபோது ஒரு முனையில் குனிந்து ஒற்றைக் கண்ணால் பார்த்தேன். மயிரிழை பிசகில்லை. அவ்வளவு நேரான ஒன்று அந்தக் கரையில் தந்திக் கம்பம்கூட இல்லை.

அந்தப் பாதையில் யாரும் நடக்கவில்லை.

வருகிறவர்கள் படலையடியில் செருப்பைக் கழற்றுவார்கள். பாதையைப் பார்ப்பார்கள். நல்லாயிருக்கு என்பார்கள். பிறகு அதற்குப் பக்கத்தால் மணலில் நடந்து வருவார்கள். வெங்காயக்காரர் வந்தார், அவரும் மணலில். “பாதையிலை வாருங்கோவன்,” என்று விறாந்தையில் இருந்து சொன்னேன். “பரவாயில்ல ஐயா, மணலே நல்லாரிக்கி,” என்றார். இரண்டு கிழமையில் என் பாதைக்கு ஒரு அடி தள்ளி, அதே நீளத்தில் மணலில் ஒரு ஒற்றையடிப் பாதை விழுந்துவிட்டது.

புதுப்பாதையை மிதிக்க மனம் வராமல் மரியாதைக்காக ஒதுங்கிப் போகிறார்கள் என்று நான் நினைத்தேன். கல்வியறிவு இருக்கிறவனுக்கு எதற்கும் ஒரு காரணம் தோன்றும். மனம் பூரித்துப் போய், மிச்சம் நாற்பத்தொரு கல்லையும் குசினிப் படியில் இருந்து கக்கூசு வாசல் வரை அதே நூலில், அதே நேரில், திறந்த வெயிலில் போட்டு முடித்தேன்.

முடிந்த அன்று மத்தியானம், சாப்பிட்டுக் கை கழுவினவுடனேயே, மனைவி பொல்லை எடுத்தாள். நான் கையை நீட்டினேன். அவள் அதைப் பார்த்தாள். நான் கையை மடக்கிக்கொண்டேன்.

அவள் நடந்தாள். பாரிசவாதம் வந்த பிறகு அவள் அவ்வளவு வேகமாக நடந்து நான் பார்க்கவில்லை. பொல்லு டக் டக் என்று கல்லில் ஊன்ற, இடக்கால் இழுபட, வலக்கால் விசுக்கு விசுக்கு என்று எட்டிப்போக, ஒரு தடவைகூட நிற்கவில்லை. திரும்பி வரும்போதும் அதே வேகம். தளம் சரியாக அமைந்தால் நோயாளியும் ஓடுவான் என்று நான் படியில் நின்று பெருமைப்பட்டேன். அவள் முகம் வேர்த்திருந்தது. வந்து கதிரையில் இருந்து, கால்களைச் சேலைக்குள் இழுத்துக்கொண்டு, “நல்லாயிருக்கு,” என்றாள்.

பின்னேரம் கால் கழுவி விடும்போதுதான் கண்டேன். வலப்பாதம் சிவந்திருந்தது. இடப்பாதத்தில் ரூபாய்க் குற்றி அளவில் ஒரு கொப்புளம், பக்கத்தில் இன்னொன்று. சுட்டபோது வலக்கால் குதித்தது. உணர்ச்சி குறைந்த இடக்கால் ஒன்றும் சொல்லாமல் ஒவ்வொரு கல்லிலும் இழுபட்டு வெந்துகொண்டு வந்திருக்கிறது.

“பாதி வழியிலை கூப்பிட்டிருக்கலாமே?” என்று கேட்டேன்.

“கூப்பிட்டாக் கையைப் பிடிக்க வருவியள்.”

எனாமல் சட்டியில் இருந்து ஒரு கற்றாழை மடலை வெட்டிச் சீவிப் பாதத்தில் வைத்துக் கட்டினேன். மகள் அனுப்பிய சாமான் கடைசியில் உதவத்தான் செய்தது.

மறுநாள் மத்தியானம் வெங்காயக்காரர் விஷயம் கேள்விப்பட்டு வந்தார். வேலியோரம் நின்று, என் பாதையை ஒரு முனையில் இருந்து மறு முனை வரை பார்த்தார்.

“ஐயா, அந்தச் சப்பாத்தக் கழட்டிட்டு ஒருக்கா இதுல ஏறி நில்லுங்க.”

ஏறி நின்றேன். ஐந்து எண்ணும் வரை நிற்க முடிந்தது. ஆறாவதை மணலில் நின்று எண்ணினேன். மணலும் சுட்டது, ஆனால் காலை உள்ளே புதைத்தால் அடியில் குளிர்ச்சி இருந்தது. கல்லில் காலைப் புதைக்கவும் முடியாது, ஒதுங்க இடமும் இல்லை. இரண்டு மாதமாக என் ஊரார் எனக்குக் காட்டிய மரியாதை என்னவென்று அப்போது விளங்கியது.

“முந்தியே சொல்லியிருக்கலாமே?” என்றேன்.

“நீங்க நூல் புடிச்சுப் போட்டது. அதுல நாங்க என்னத்தச் சொல்ற?”

எனக்கு வெட்கமாக இருந்தது. நடக்கிறவளின் காலை ஒருதரமும் நினையாமல் ஒரு நடைபாதை போட்டிருக்கிறேன். முப்பத்திரண்டு வருடமும் இப்படித்தானா வரைந்தேன் என்று நினைத்தபோது வெட்கம் இன்னும் கூடியது. அன்று முழுவதும் நான் யாரோடும் கதைக்கவில்லை. மனைவி அதைக் கவனித்து நிம்மதியாகப் பழைய பேப்பர் வாசித்தாள்.

அடுத்த நாள் காலையில் முற்றத்தைக் கூட்டப் போனேன். அவளுக்கு வருத்தம் வந்து கால் விழுந்த நாளில் இருந்து கூட்டுகிறவன் நான்தான். நான் கூட்டுகிற லட்சணத்தில், மாதக் கணக்காக நாங்கள் இருவரும் கைகோத்து நடந்த தடம் மணலில் அப்படியே பள்ளமாகக் கிடந்தது. என் சப்பாத்து அடி, அவளுடைய ஒரு பாதம், பக்கத்தில் இழுபட்ட கோடு, பொல்லுக் குழி. அது நேராகப் போகவே இல்லை. படியில் இருந்து பூவரசுக்குப் போய், அங்கிருந்து வேம்பைச் சுற்றி, கிணற்றடித் தென்னைகளின் பக்கம் வளைந்து, பிறகுதான் பின்மூலைக்குப் போனது. கால் இழுக்கிற பக்கம் சாய்ந்து போகிறாள் என்றுதான் நான் இவ்வளவு நாளும் எண்ணிக்கொண்டிருந்தேன். மத்தியானம் வந்து மறுபடி பார்த்தேன். கடைசி நாலைந்து எட்டைத் தவிர, தடம் முழுக்க நிழலில் கிடந்தது.

போய்க் கேட்டேன். “நான் கையைப் பிடிச்சுக் கூட்டிக்கொண்டு போறன் எண்டெல்லோ நினைச்சனான். நீரோ என்னைக் கூட்டிக்கொண்டு போனது?”

“ஓம். நீங்கள் கையைப் பிடிச்சியள். வழியை நான் பாத்தன்,” என்றாள். “உங்களுக்குத் தொப்பியும் சப்பாத்தும் இருக்கு. எனக்கு மரம்தானே இருக்கு.”

நூலைச் சுருட்டி அலுமாரிக்குள் வைத்தேன். தடத்தின் நடுவால் முளைக்கம்புகள் அடித்துக்கொண்டு போனேன். நிழல் போகிற வழி சுற்று வழி. நாற்பத்தொரு கல் காணாது, ஐம்பத்தெட்டு வேண்டும். சீமெந்து முடிந்துவிட்டது. ஆகவே படலைப் பாதையை அலவாங்கு போட்டுக் கிளப்பினேன். மயிரிழை பிசகாத இருபத்துநாலு கல்லும் ஒவ்வொன்றாக எழும்பி வந்தன. சாக்கில் வைத்துப் பின்வளவுக்கு இழுத்தேன். மிஞ்சிய ஏழையும் கிணற்றடியில் உடுப்புத் தோய்க்கப் போட்டேன். கடைசி ஆறு கல்லுக்கு மேலே மரம் இல்லை. வெங்காயக்காரர் நாலு கம்பு நட்டுக் கிடுகால் ஒரு பந்தல் போட்டுத் தந்தார். தென்னையடியில் குரும்பை விழும் என்று சொல்லி அந்த வளைவை ஒரு முழம் தள்ளி வைக்கவும் சொன்னார். இந்தத் தடவை நான் ஒன்றும் விளக்கவில்லை.

வேலைக்கு மூன்று கிழமை எடுத்தது. கொப்புளம் ஆறவும் அவ்வளவு நாள் எடுத்தது. இரண்டும் முடிந்த அன்று, பகல் ஒரு மணிக்கு, நான் முதலில் சப்பாத்தைக் கழற்றி முழுப் பாதையையும் வெறுங்காலோடு நடந்து பார்த்தேன். வேம்படியில் ஒரு கல் கொஞ்சம் சுட்டது. அதில் ஐந்து நிமிடம் நின்றேன். தாங்கலாம்.

பிறகு அவள் இறங்கினாள். நான் பக்கத்தில் மணலால் நடந்தேன். பூவரசடியில் அவள் நின்றாள்.

“ஒரு ஆளுக்குத்தானே இடம் விட்டுப் போட்டிருக்கிறியள். பிறகு நீங்கள் ஏன் வாறியள்?”

அகலத்தைத் தீர்மானித்தவன் நான். அங்கேயே நின்றேன். அவள் வளைந்து வளைந்து மெதுவாகப் போனாள். கதவின் கொளுக்கி உள்ளே விழுகிற சத்தம் கேட்டது. எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. அவள் பிடித்து நடக்கிற கையை என்ன செய்வது என்று மட்டும் தெரியவில்லை. சட்டைப் பையில் வைத்துக்கொண்டேன்.

திரும்பி வந்து, “முற்றும் கோணல்தான்,” என்றாள். பிறகு பித்தளை மூக்குப்பேணி நிறையத் தண்ணீர் வார்க்கச் சொல்லி, அண்ணாந்து, ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தாள். இன்னொன்றும் கேட்டாள்.

மார்கழி லீவில் மகள் வந்தாள். திரும்பிப் போவதற்கு இரண்டு ரெயில் ரிக்கெற் கையோடு கொண்டுவந்திருந்தாள். அந்தக் கிழமை முழுக்க மழை. வளவு முழுவதும் கணுக்கால் அளவுக்குத் தண்ணீர் நின்று வடிந்து, மணல் கூழாகக் கிடந்தது. கல் ஒன்றும் அசையவில்லை.

மகள் வந்த மறுநாள் விடிய, மழை இன்னும் தூறிக்கொண்டிருந்தது. மனைவி துவாயைத் தலையில் போட்டுக்கொண்டு, பொல்லை எடுத்துப் படியிறங்கினாள். மகள் பதறிக்கொண்டு குடையைத் தேடினாள்.

“விடு பிள்ளை. அதிலை ஒரு ஆளுக்குத்தான் இடம்,” என்றேன்.

மகள் குசினி யன்னலடியில் நின்று பார்த்தாள். பொல்லு ஊன்றிய இடத்தில் நின்றது. ஈர்க்குமாறு இழுத்த கோடுகளில் தாயின் பாதம் வழுக்காமல் போனது. வேம்பைச் சுற்றியதும் எங்களுக்கு அவள் தெரியவில்லை. மகள் அடுப்படிக்குப் போய்த் தேத்தண்ணி வைத்தாள். நானும் உள்ளே போயிருக்கலாம். போகவில்லை. படியை விட்டு இறங்கி, மழைக்குள், கக்கூசுக் கதவு தெரிகிற இடத்தில் நின்றேன்.

அவள் வளைவால் திரும்பி வந்தபோது என்னைக் கண்டாள்.

“ஏன் மழைக்குள்ள நிக்கிறியள்?”

“நான் இப்பதான் வந்தனான்.”

என் சட்டை முதுகோடு ஒட்டிக் கிடந்ததையும், தலையில் இருந்து தண்ணீர் வடிந்ததையும் அவள் பார்த்தாள்.

“ஓம்,” என்றாள்.

தனியே படியேறி, குசினிக்குள் எட்டி, “பிள்ளை, நீ ஒரு ரிக்கெற்றைத் திருப்பிக் குடு. உனக்கு ஒண்டு காணும்,” என்றாள். பிறகு தன் தலையில் கிடந்த துவாயை எடுத்து என்னிடம் நீட்டினாள்.

“இந்தாருங்கோ, தலையைத் துடையுங்கோ.”